கல்லறை கொடுத்த பெயர்

சேலத்திலிருந்து ஏற்காட்டுக்குப் போகும் பஸ் 20 கொண்டை ஊசி வளைவுகளில் ஏறுகிறது. சுமார் 5 ஆயிரம் அடி உயரம். ஏறும்போது எல்லோரும் பள்ளத்தைத்தான் எட்டிப் பார்ப்பார்கள். மறுபக்கம் இருக்கும் பாறையை யாரும் பார்ப்பது இல்லை.

அந்தப் பாறை கறுப்பும் நீலமும் கலந்த நிறம். உடைத்த இடத்தில் எண்ணெய் தடவியதுபோல மினுமினுக்கும்.

"கருங்கல்" என்பார்கள் ஊர் மக்கள். அதை உடைத்து ஜல்லியாக்கி, வீடு கட்டுகிறார்கள், ரோடு போடுகிறார்கள். அம்மி, ஆட்டுக்கல்லும் இந்த மாதிரிக் கல்லில் உண்டு.

ஆனால் உலகத்துப் புத்தகங்களில் அந்தக் கல்லுக்கு வேறு ஒரு பெயர் இருக்கிறது. "சார்னோகைட்" என்பது அந்தப் பெயர்.

அது தமிழ்ப் பெயர் அல்ல. சேலத்துப் பெயரும் அல்ல. ஆயிரம் மைல் தூரத்தில், கல்கத்தாவில் உள்ள ஒரு கல்லறையில் இருந்து வந்த பெயர்!

அந்தப் பெயரை வைத்தவர் தாமஸ் ஹென்றி ஹாலந்து. ஹாலந்து என்றதும் ஐரோப்பாவில் உள்ள நாடு என்று நினைக்க வேண்டாம். இவர் இங்கிலாந்துக்காரர். சேலத்துப் பாறைகளைத் தட்டிப் பார்த்து வேலை கற்றவர். பின்னால் இவருடைய பெயரும் ஓர் அபூர்வ தாதுவுக்குப் பெயராகிவிட்டது.

15 வயதில் பரிசு

இங்கிலாந்தின் தென்மேற்கு மூலையில் கார்ன்வால் என்ற பகுதி இருக்கிறது. தகரமும் செம்பும் வெட்டி எடுத்த சுரங்க நாடு அது. அங்கே ஹெல்ஸ்டன் என்ற ஊரில் 1868-ம் ஆண்டு நவம்பர் 22-ந் தேதி ஹாலந்து பிறந்தார்.

குடும்பம் பிழைப்புத் தேடி கனடா நாட்டுக்குப் போனது. அங்கே விவசாயம் செய்தது.

பையனுக்குப் படிப்பில் ஆசை. 1884-ல், 16 வயது நிறையும் முன்பே, உபகாரச் சம்பளம் பெற்று லண்டனில் விஞ்ஞானக் கல்லூரியில் சேர்ந்தார். 1888-ல் நிலவியலில் முதல் வகுப்பில் தேறினார். பூமி எப்படி உண்டானது, மலை எப்படி எழுந்தது, கல்லுக்குள் என்ன இருக்கிறது என்று சொல்லும் படிப்பே நிலவியல்.

1890-ல் இந்தியாவில் வேலை கிடைத்தது. இந்திய நிலவியல் ஆய்வுத் துறையில் உத்தியோகம். தலைமை அலுவலகம் கல்கத்தா. அங்கே இருந்த பொருட்காட்சிச் சாலையையும் ஆய்வுக்கூடத்தையும் பார்த்துக்கொள்ள வேண்டும்.

அப்போது அவருக்கு வயது 21!

சேலத்தில் இரும்பு

ஹாலந்து கல்கத்தாவிலேயே உட்கார்ந்துவிடவில்லை. தெற்கே வந்தார். சேலம் மாவட்டத்தில் வேலை பார்த்தார்.

சேலம் மாவட்டம் பழங்காலம் முதல் இரும்புக்குப் பேர் போனது. கஞ்சமலையில் இரும்புக் கல் கிடக்கிறது. மண்ணால் சிறிய உலை கட்டி, மரக்கரியைப் போட்டு, துருத்தியால் ஊதி இரும்பு உருக்கும் தொழில் இங்கே தலைமுறை தலைமுறையாக நடந்து வந்தது. சேலத்து இரும்பைப் பற்றியும், இரும்புத் தொழிலைப் பற்றியும் ஹாலந்து எழுதிய முதல் அறிக்கை 1892-ல் வெளிவந்தது.

இரும்பைத் தேடி வந்தவரின் கண்ணில் வேறு ஒன்றும் பட்டது. அதுதான் அந்தக் கருங்கல்.

சேர்வராயன் மலையில் அது இருந்தது. நீலகிரியில் இருந்தது. பழனி மலையில் இருந்தது. சென்னைக்குப் பக்கத்தில் பல்லாவரத்திலும், பரங்கிமலையிலும் இருந்தது. மலைக்கு மலை தூரம் அதிகம். ஆனால் கல் ஒரே குடும்பத்துக் கல்லாகத் தெரிந்தது.

சாதாரணக் கருங்கல் போலத் தோன்றினாலும், அது சாதாரணக் கருங்கல் அல்ல என்று ஹாலந்து நினைத்தார். நினைத்தால் போதுமா? நிரூபிக்க வேண்டாமா?

கல்லுக்குள் ஒரு பொங்கல்

பாறை வேறு, தாது வேறு. இதை எளிதில் புரிந்துகொள்ளலாம்.

வெண்பொங்கலில் அரிசி இருக்கிறது. பருப்பு இருக்கிறது. மிளகு இருக்கிறது. எல்லாம் சேர்ந்ததுதான் பொங்கல். பாறையும் அப்படித்தான். பாறை என்பது பொங்கல். அதற்குள் இருக்கும் அரிசி, பருப்பு, மிளகு போன்றவை தாதுக்கள்.

பொங்கலில் என்ன போட்டிருக்கிறது என்று வாயில் வைத்தால் தெரியும். கல்லில் என்ன இருக்கிறது என்று எப்படித் தெரியும்?

அதற்கு ஒரு வழி இருக்கிறது. கல்லில் சிறு சில்லு வெட்டி, கண்ணாடித் துண்டின் மேல் ஒட்டுவார்கள். பிறகு அதைத் தேய்ப்பார்கள். வெங்காயத் தோல்போல மெலியும் வரை தேய்ப்பார்கள். அப்போது கல்லும் கண்ணாடிபோல ஆகிவிடும். வெளிச்சம் ஊடுருவும். அதைப் பூதக்கண்ணாடிக் கருவியில் வைத்துப் பார்த்தால், உள்ளே உள்ள ஒவ்வொரு தாதுவும் தனித்தனியே தெரியும்.

ஹாலந்து பார்த்தார். சாதாரணக் கருங்கல்லில் உள்ள குவார்ட்ஸும் பெல்ஸ்பாரும் இருந்தன. கூடவே, சாதாரணக் கருங்கல்லில் பொதுவாக இல்லாத ஒரு தாதுவும் இருந்தது. அதைத் திருப்பினால் ஒரு பக்கம் இளஞ்சிவப்பு, மறுபக்கம் இளம்பச்சை. பச்சோந்திபோல நிறம் மாறியது.

அதற்கு அந்தக் காலத்தில் "ஹைபர்ஸ்தீன்" என்று பெயர். கிரேக்க மொழியில் இருந்து எடுத்த பெயர். "மிகுந்த பலம்" என்று அர்த்தம். அதைப்போலத் தோன்றும் இன்னொரு தாதுவைவிட இது கடினமாக இருந்ததால் அப்படிப் பெயர் வைத்தார்கள்.

ஹைபர்ஸ்தீன் கலந்த இந்த வகைக் கருங்கல்லுக்கு அதுவரை தனிப்பெயர் இல்லை. பெயர் வைக்க வேண்டும். என்ன பெயர் வைப்பது?

கல்லறைக்கு வந்த கல்

கல்கத்தாவில் செயின்ட் ஜான் தேவாலயம் இருக்கிறது. அதன் வளாகத்தில் எட்டுப் பக்கம் கொண்ட ஒரு மண்டபம். அதற்குள் ஜாப் சார்னோக் என்ற ஆங்கிலேயரின் கல்லறை இருக்கிறது.

சார்னோக், கிழக்கிந்திய கம்பெனியின் வியாபாரி. பாட்னாவில் பல ஆண்டுகள் இருந்து, வெடி உப்பு வியாபாரத்தைக் கவனித்தவர். கம்பெனிக்கும் மொகலாய அரசுக்கும் சண்டை மூண்டபோது சென்னைக்கு வந்து தங்கினார். அவருடைய மூன்று பெண்களுக்கும் 1689-ல் சென்னையில்தான் ஞானஸ்நானம் நடந்தது.

சண்டை ஓய்ந்தது. 1690-ம் ஆண்டு ஆகஸ்டு 24-ந் தேதி, ஹூக்ளி நதிக்கரையில் சுதாநுதி என்ற கிராமத்தில் சார்னோக் இறங்கினார். கம்பெனியின் கிடங்கை அங்கே அமைத்தார். 1693 ஜனவரியில் இறந்தார். அவருடைய மூத்த மகளைக் கட்டிய சார்லஸ் அயர் என்பவர், மாமனாருக்குக் கல்லறை எழுப்பினார்.

கல்கத்தாவோ வண்டல் மண் பூமி. தோண்டத் தோண்ட மண்தான் வரும், கல் வராது. எழுத்து வெட்டிப் பதிக்க நல்ல கல் வேண்டும் என்றால் வெளியூரில் இருந்துதான் வர வேண்டும்.

சார்னோக் கல்லறையில் பதித்த கல்லை ஹாலந்து சோதித்தார். அதே குவார்ட்ஸ்! அதே பெல்ஸ்பார்! அதே ஹைபர்ஸ்தீன்! சென்னைக்குப் பக்கத்தில், பல்லாவரத்திலும் பரங்கிமலையிலும் உள்ள அதே கல்! தெற்கே இருந்து கடல் வழியாகப் போய், 200 ஆண்டுகளாக ஒரு வியாபாரியின் தலைமாட்டில் நின்றுகொண்டிருந்த கல்!

கல்கத்தா நகரத்தை உண்டாக்கியவர் சார்னோக் என்று அந்தக் காலத்தில் எல்லோரும் நம்பினார்கள். ஹாலந்தும் நம்பினார். அவருடைய நினைவாக அந்தக் கல்லுக்கு "சார்னோகைட்" என்று பெயர் வைத்தார். 1893-ல் கல்கத்தா ஆசியக் கழகத்தில் இதைப் பற்றிக் கட்டுரை படித்தார். அப்போது அவருக்கு 25 வயதுகூட நிறையவில்லை.

பிறகு 1900-ல் பெரிய நூலாகவே எழுதி வெளியிட்டார். சேர்வராயன் மலையும், நீலகிரியும், பழனி மலையும் அதில் இடம் பெற்றன. ஏற்காட்டுப் பாறை உலக விஞ்ஞானிகளின் மேஜைக்குப் போய்ச் சேர்ந்தது.

மலை சரிந்தது

கல்லுக்குப் பெயர் வைத்த அதே 1893-ல், ஹாலந்துக்குப் பெரிய சோதனை ஒன்று வந்தது.

இமயமலைச் சாரலில் கார்வால் பகுதி. செப்டம்பர் மாதம் அங்கே ஒரு மலை சரிந்து ஆற்றில் விழுந்தது. பிரகி கங்கை என்ற அந்த ஆறு கோனா என்ற இடத்தில் அடைபட்டது. சுமார் 900 அடி உயரத்துக்கு மண்ணும் பாறையும் குவிந்து, அணைபோல நின்றது. அதன் பின்னால் தண்ணீர் தேங்கி ஏரியாயிற்று. நாளுக்கு நாள் ஏரி பெருகியது.

அணை உடைந்தால்? கீழே ஊர்கள். பாலங்கள். யாத்திரிகர்கள் போகும் வழி. அதற்கும் கீழே அரித்துவார்!

இடத்தைப் பார்த்துவர ஹாலந்தை அனுப்பினார்கள். தண்ணீரின் பாரத்தால் அந்த அணை திடீரென்று சாயாது. ஏரி நிரம்பி வழியும்போதுதான் ஆபத்து என்று அவர் ஆராய்ந்து சொன்னார். மழைக்காலத்தில், ஆகஸ்டு வாக்கில் ஏரி நிரம்பும் என்று அதிகாரிகள் கணக்கிட்டார்கள்.

அவகாசம் கிடைத்தது. கோனாவில் இருந்து கீழே உள்ள ஊர்களுக்குத் தந்திக் கம்பி போட்டார்கள். தொங்கு பாலங்களைக் கழற்றினார்கள். மக்களை மேட்டுக்கு அனுப்பினார்கள்.

1894 ஆகஸ்டு 25-ந் தேதி இரவு. தண்ணீர் வழிந்து, அணையை அரித்துக்கொண்டு பாய்ந்தது. ஸ்ரீநகர் என்ற ஊர் நாசமாயிற்று. (இது காஷ்மீர் ஸ்ரீநகர் அல்ல, கார்வாலில் உள்ள ஊர்.) வீடுகள் போயின. ஆனால் ஊர் ஜனங்கள் தப்பினார்கள். அணையின் அடியில் இருந்து வெளியேற்றிய பிறகும் திரும்பி வந்துவிட்ட ஒரு பக்கீரும் அவருடைய குடும்பத்தாரும் மட்டுமே இறந்தார்கள்.

கல்லைப் படித்த படிப்பு உயிரைக் காப்பாற்றியது.

ஏற்றமும் இறக்கமும்

1903-ல் ஹாலந்து தம் துறைக்கே டைரக்டர் ஆனார். 1904-ல் லண்டன் ராயல் சொசைட்டி அவரை உறுப்பினராகச் சேர்த்தது. 1908-ல் "சர்" பட்டம் கிடைத்தது. 1909-ல் வேலையை விட்டு இங்கிலாந்து போய், மான்செஸ்டரில் பேராசிரியரானார்.

முதல் உலகப் போர் வந்தது. இந்தியாவில் தொழில்களை வளர்ப்பது எப்படி என்று விசாரிக்க, 1916-ல் ஒரு கமிஷன் போட்டார்கள். அதற்குத் தலைவராக ஹாலந்து திரும்பி வந்தார். மதன் மோகன் மாளவியாவும், தோராப்ஜி டாட்டாவும் அதில் உறுப்பினர்கள். நாட்டில் தொழில் வளர சர்க்கார் கைகொடுக்க வேண்டும் என்று அந்தக் கமிஷன் 1918-ல் சிபாரிசு செய்தது. சர்க்காரின் உதவி போதாது, இன்னும் வேண்டும் என்று மாளவியா தனிக் குறிப்பு எழுதினார்.

பிறகு ஹாலந்து வைசிராயின் நிர்வாக சபையில் உறுப்பினரானார். மந்திரி பதவி போன்றது அது.

அங்கேதான் சறுக்கினார்.

போர்த் தளவாடத்தில் மோசடி நடந்ததாகக் கல்கத்தாவில் ஒரு வழக்கு நடந்து வந்தது. 1921-ல், அந்த வழக்கைத் திரும்பப் பெற ஹாலந்து சம்மதம் கொடுத்தார். பெரிய கூச்சல் எழுந்தது. வழக்கு என்றால் கோர்ட்டு அல்லவா முடிவு செய்ய வேண்டும் என்று கேட்டார்கள். ஹாலந்து பதவியை விட்டு விலகினார். 31 ஆண்டுகளுக்கு முன்பு வாலிபராக வந்த நாட்டைவிட்டு, இப்படிப் போக நேர்ந்தது.

இங்கிலாந்து அவரைக் கைவிடவில்லை. 1922-ல் லண்டன் இம்பீரியல் கல்லூரியின் தலைவரானார். 1929 முதல் 1944 வரை எடின்பரோ பல்கலைக்கழகத்தின் தலைவராக இருந்தார். 1947 மே 15-ந் தேதி காலமானார். இன்னும் மூன்று மாதம் இருந்திருந்தால், இந்தியா சுதந்திரம் பெற்ற செய்தியைக் கேட்டிருப்பார்.

ஹாலந்தின் பெயரில் ஒரு தாது

புதிய தாதுவைக் கண்டுபிடிப்பவர் அதற்குத் தன் பெயரைத் தானே வைத்துக்கொள்வது இல்லை. அது மரபு. வேறு ஒருவர் பெயரையோ, கிடைத்த ஊரின் பெயரையோதான் வைப்பார்கள். பெயரின் கடைசியில் பெரும்பாலும் "ஐட்" என்று வரும்.

ஹாலந்து டைரக்டராக இருந்தபோது, பெர்மர் என்பவர் அதே துறையில் வேலை பார்த்தார். மத்திய பிரதேசத்து ஜாபுவா பகுதியில் கஜ்லிடோங்ரி என்ற மாங்கனீஸ் சுரங்கம். அங்கே கறுப்பாக, கனமாக, வெள்ளிபோல மினுங்கும் ஒரு தாது அகப்பட்டது. பேரியமும் மாங்கனீசும் கலந்தது. 1906-ல் பெர்மர் அதற்கு "ஹாலண்டைட்" என்று பெயர் வைத்தார்.

அப்போது அது பெரியவர் ஒருவருக்குச் செய்த மரியாதை மட்டுமே. ஆனால் பின்னால் அந்தப் பெயருக்கு ஒரு பெரிய வேலை வந்தது.

அந்தத் தாதுவுக்குள் அணுக்கள் குழாய் வரிசைபோல அடுக்கப்பட்டிருக்கின்றன. குழாய்க்குள் வேறு அணுக்களைப் பூட்டி வைக்கலாம். அணு உலையில் மிஞ்சும் கழிவில் சீசியம் என்ற ஆபத்தான பொருள் இருக்கிறது. 1978-ல் ஆஸ்திரேலிய விஞ்ஞானி ரிங்வுட் ஒரு யோசனை சொன்னார். அணுக்கழிவைச் செயற்கைப் பாறையில் அடைத்துவிடலாம் என்றார். அந்தச் செயற்கைப் பாறையில் சீசியத்தைப் பூட்டி வைப்பது ஹாலண்டைட் வகைத் தாது!

பெயர்கள் பட்ட பாடு

நிற்க. கல்லறைக்குச் சொந்தக்காரரின் கதை பிறகு என்ன ஆயிற்று?

கல்கத்தாவை சார்னோக் உண்டாக்கவில்லை. அவர் வரும் முன்பே அங்கே ஊர்கள் இருந்தன, மக்கள் வாழ்ந்தார்கள், வியாபாரம் நடந்தது என்று ஒரு வழக்கு வந்தது. சரித்திர அறிஞர்களின் குழு விசாரித்தது. சார்னோக் கல்கத்தாவை நிறுவியவர் அல்ல என்று 2003-ல் கல்கத்தா ஹைகோர்ட்டு தீர்ப்புச் சொல்லிவிட்டது.

எந்தப் பெருமைக்காக ஹாலந்து அந்தப் பெயரை வைத்தாரோ, அந்தப் பெருமையே போய்விட்டது!

ஹைபர்ஸ்தீன் என்ற பெயரும் நிலைக்கவில்லை. 1988-ல் சர்வதேச தாதுவியல் சங்கத்தார் அதைத் தாதுப் பட்டியலில் இருந்து எடுத்துவிட்டார்கள். "என்ஸ்டடைட்" போன்ற பெயர்களுக்குள் அதை அடக்கிவிட்டார்கள். மிகுந்த பலம் என்று அர்த்தம் உள்ள பெயருக்கே பலம் இல்லாமல் போயிற்று.

சார்னோகைட் என்ற பெயர் மட்டும் நிற்கிறது. காரணம், அது இப்போது ஒரு மனிதரைக் குறிப்பது இல்லை. ஒரு வகைக் கல்லைக் குறிக்கிறது. இலங்கையிலும், ஆப்பிரிக்காவிலும், பனி மூடிய அண்டார்டிகாவிலும் அந்த வகைக் கல் இருக்கிறது. எல்லா இடத்திலும் அதே பெயர்தான்.

அந்தக் கல் எப்படி உண்டானது என்பதிலும் ஹாலந்து சொன்னது முடிவான பேச்சாக இல்லை. உருகிய குழம்பு இறுகி உண்டான கல் என்றார் அவர். பழைய பாறையே பூமியின் ஆழத்தில் வெந்து மாறியதும் உண்டு என்று பிறகு கண்டார்கள். கர்நாடகத்தில் கப்பல்துர்கா என்ற இடத்தில், பழைய பாறை பாதி சார்னோகைட்டாக மாறி நிற்பதை சி. எஸ். பிச்சமுத்து என்ற அறிஞர் 1960-ல் உலகுக்கு எடுத்துக் காட்டினார்.

சேர்வராயன் மலைக் கல் சுமார் 250 கோடி ஆண்டுப் பழமை உடையது. பல மைல் ஆழத்தில், பயங்கரச் சூட்டில் வெந்த கல். மேலே இருந்த மண்ணும் பாறையும் காலப்போக்கில் கரைந்து போக, வெளியே வந்து நிற்கிறது. மழையும் வெயிலும் பட்டு அதன் தலைப்பக்கம் செங்கல்லாக மாறி, பாக்சைட் ஆயிற்று. பாக்சைட்டில் இருந்து அலுமினியம் எடுக்கலாம். சேர்வராயன் மலை பாக்சைட்டை நம்பி மேட்டூரில் 1965-ல் அலுமினிய ஆலை தொடங்கியது. 2008-ல் அங்கே அலுமினியம் எடுப்பது நின்றது.

மக்கள் வைத்த பெயர்

மக்களும் கல்லுக்குப் பெயர் வைக்கிறவர்கள்தான். சேர்வராயன் மலையடிவாரத்தில் மாக்னசைட் என்ற தாது கிடைக்கிறது. மக்கள் அதை "வெள்ளைக்கல்" என்கிறார்கள். பார்த்ததும் புரியும் பெயர். ஏரியும் காடும் சேர்ந்ததால் ஏற்காடு என்கிறார்கள். மலைமேல் குகையில் சேர்வராயன் சாமி இருக்கிறார். மலைக்கு அவர் பெயர்.

பல்லாவரத்துக் குன்றில் மகேந்திரவர்ம பல்லவன் ஒரு குகைக் கோயில் குடைந்தான். சார்னோக் பிறப்பதற்குச் சுமார் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பு! இந்தக் கல்லில் உளி பிடித்த சிற்பிகளுக்கு ஹைபர்ஸ்தீன் தெரியாது. எந்தப் பக்கம் அடித்தால் எப்படிப் பிளக்கும் என்பது தெரியும்.

இரண்டு அறிவும் ஒரே கல்லைப் பற்றியதுதான். ஒன்று கையால் வந்தது. மற்றொன்று கண்ணாடி வழியாக வந்தது. ஹாலந்து செய்தது இரண்டாவது. பல்லாவரம் கல்லும், ஏற்காட்டுக் கல்லும், கல்கத்தாக் கல்லறைக் கல்லும் ஒரே குடும்பம் என்று கண்டுபிடித்து அவர் சொன்னார்.

இந்திய நிலவியல் ஆய்வுத் துறை 1975-ல் பரங்கிமலைப் பகுதியில் உள்ள சார்னோகைட் பாறையைத் தேசிய நிலவியல் நினைவுச் சின்னமாக அறிவித்தது. அங்கே உள்ள கல்லும், கொண்டை ஊசி வளைவில் உள்ள கல்லும் ஒன்றுதான். ஏற்காட்டுக்குப் போகிறவர்கள் அடுத்த தடவை பஸ் வளைவில் திரும்பும்போது, பள்ளத்தைப் பார்த்த பிறகு ஒரு நிமிஷம் மலைப்பக்கமும் பார்க்கலாம். நீலம் கலந்த கருங்கல், எண்ணெய் தடவியதுபோல மினுமினுக்கும். பிள்ளைகள் பெயர் கேட்டால், இரண்டு பெயரையும் சொல்லிக் கொடுக்கலாம்.